போர்கில்டின் சதுப்பு

போர்கில்ட் எங்கள் பள்ளத்தாக்கில் பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறவள். யார் வீட்டு மாடு கன்று போட்டது, யார் மகன் குடித்துவிட்டு ஓடையில் விழுந்தான், எல்லாம் அவளிடம் கேட்டுக்கொள்ளலாம். ஒன்றைத் தவிர. ஆகஸ்ட் பிறந்தால் வாளியோடு மலையேறி, சதுப்பில் மட்டும் விளையும் மஞ்சள் மல்தே பழம் பறித்து வருவாளே, அந்தச் சதுப்பு எங்கே என்று மட்டும் சொல்லமாட்டாள். கட்டின புருஷன் ஹால்வருக்கும் சொன்னதில்லை. அதில் தப்பொன்றும் இல்லை, பழம் கிடைக்கும் இடத்தை இங்கே யாரும் யாருக்கும் சொல்வதில்லை. நானும்தான் என் மகளுக்கு என் இடத்தைச் சொன்னதில்லை.

ஆனால் சில வருஷமாக யாரோ அவளுக்கு முந்திக்கொண்டு பாதியைப் பறித்துவிடுகிறார்கள். பஸ்ஸில் பிள்ளைகள் காதுபடவே, "அவன் கை அழுகிப்போக!" என்று சபிப்பாள்.

போன கோடையில் தெற்கேயிருந்து ஒருவர் கேமராவோடு வந்து ஊர் முழுக்கச் சுற்றினார். எங்கள் கோடையைக் கவிதை மாதிரி ஒரு சின்னப் படமாக எடுத்திருந்தார். சென்ற ஞாயிறு ஊர்க் கூடத்தில் போட்டார்கள். படத்தில் பேச்சே கிடையாது. காயப்போட்ட புல், ஈக்கள், நடுராத்திரியிலும் அடையாத எங்கள் வடக்குச் சூரியன். எனக்குக் கொட்டாவி வந்தது. திடீரென்று பக்கத்திலிருந்த போர்கில்ட் என் தொடையில் நறுக்கென்று கிள்ளினாள்.

"ஐயையோ, இது என் சதுப்புடீ!"

திரையில் பனிமூட்டம். யாரோ ஒருவன் குனிந்து வாளியில் பழம் பறித்துப் போடுகிறான். நிமிர்ந்தான். ஹால்வர்! கூடமே கொல்லென்று சிரித்தது.

அடுத்த காட்சி ஒரு சமையலறை. மேஜையில் அதே வாளி. பக்கத்தில் நீலப்பூத் தட்டு நிறைய மல்தே, மேலே பாலாடை. அந்தத் தட்டில் ஊரே சாப்பிட்டிருக்கிறது. விதவை சிக்னே வீட்டுத் தட்டு. படம் எடுத்தவருக்கு என்ன தெரியும், பாவி, அழகாக இருக்கிறதென்று சேர்த்துவிட்டார். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது.

போர்கில்ட் எழுந்தாள். அடிக்கத்தான் போகிறாள் என்று நினைத்தேன்.

"ஹால்வர், நீ எங்க வேணா போய்த் தொலை. என் இடத்தை எதுக்குடா அவகிட்ட சொன்ன?"

பின்வரிசையிலிருந்து ஹால்வர் தலையைத் தூக்காமலே சொன்னான்:

"நான் எங்க சொன்னேன்? எனக்கே எப்படித் தெரியும்? நீ என்னை ஒரு நாளாவது கூட்டிட்டுப் போனியா? அது அவளுக்கும் தெரிஞ்ச இடம். அவதான் காட்டினா."

"இடத்தையா? அவளாவா காட்டினா?"

என்றாள் போர்கில்ட். கட்டினவனுக்கே சொல்லாத எங்களூரில், ஒருத்தி ஒருவனுக்குத் தன் சதுப்பைக் காட்டிவிட்டாள் என்றால் அதற்குமேல் கேட்க என்ன இருக்கிறது? போர்கில்ட் தன் கோட்டை மாட்டிக்கொண்டு வெளியே போனாள்.