நொதுமாவின் கீழ்ப் பிறந்தவர்கள்

ஆரணி பிறந்தது மாலை நாலு பத்துக்கு. அதில் ஒருவருக்கும் சந்தேகமில்லை. யாருடைய நாலு பத்து என்பதில்தான் அவளுடைய கலியாணம் சிக்கிக் கிடக்கிறது.

தொண்ணூற்றெட்டாம் ஆண்டு அது. அரசாங்கம் நாட்டின் மணிக்கூடுகளை அரை மணித்தியாலம் முன்னுக்குத் தள்ளி வைத்திருந்தது. புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த வன்னியில் பழைய நேரமே ஓடிக்கொண்டிருந்தது. இடம்பெயர்ந்த சனம் நிறைந்த ஒரு பள்ளிக்கூட அறையில், மருத்துவிச்சியின் கைக்கடிகாரத்தைப் பார்த்து நேரத்தைக் குறித்து வைத்தாள் தாய் ஜீவராணி. பல வருஷம் கழித்து வெள்ளவத்தையில் சாதகக் குறிப்பு எழுதிய சாத்திரியார் அதைக் கொழும்பு நேரமாக எடுத்துக்கொண்டார். ஏழில் செவ்வாய் வந்து விழுந்தது. கட்டுகிறவன் தங்கமாட்டான் என்றார். அரை மணித்தியாலத்தைக் கூட்டினால் அதே செவ்வாய் ஆறாம் வீட்டுக்குப் போய்ச் சாதுவாக இருந்துவிடுகிறது.

கோடிக்கணக்கான மைலுக்கு அப்பால் உருளும் கல் அது. இங்கே யுத்தம் நடந்ததும் அதற்குத் தெரியாது, மணிக்கூடு இரண்டாகப் பிரிந்ததும் தெரியாது. தெரிந்த மனிதர்கள்தான் அதன் பெயரால் ஒரு பெண்ணைத் தள்ளி வைத்தார்கள்.

ஜீவராணி பிழையைக் கண்டுபிடித்துத் திருத்திய குறிப்போடு போனாள். முதல் சம்பந்தமாக வந்த கொட்டாஞ்சேனை மாப்பிள்ளையின் தகப்பன் யோகநாதன் பழையதையும் புதியதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்.

"இதென்ன அக்கா, சட்டை பிடிப்பு எண்டு தையலை விடுறமாதிரிச் செவ்வாயை நகர்த்தி வைச்சிருக்கிறியள்?"

"அண்ணை, வன்னியில அப்ப பழைய நேரம்..."

"எல்லாருக்கும் ஒரு நேரம்தான். விடுங்கோ."

தோஷம் உள்ள பெட்டை என்ற பெயரோடு, கள்ளக் குறிப்புக்காரர் என்ற பெயரும் அன்றிலிருந்து ஒட்டிக்கொண்டது. அதற்குப் பிறகு வந்த நான்கு சம்பந்தமும் அந்த அரை மணித்தியாலத்திலேயே முட்டி நின்றன.

ஆரணிக்கு வேலை கிருலப்பனையில், நாலாம் மாடியில். வெளிநாட்டுக் கம்பனி ஒன்றின் கணினி விளையாட்டுக்குக் கதை எழுதுவது. அந்த விளையாட்டின் பிரபஞ்சத்தில் பதினொரு நட்சத்திரங்கள். விளையாட வருகிறவர் முதலில் பிறந்த நட்சத்திரத்தைத் தெரிவு செய்யவேண்டும். அவருடைய குணம், தொழில், சாவு எல்லாவற்றையும் அதுவே தீர்மானிக்கும். பன்னிரண்டாவதை எழுதும்படி ஆரணியிடம் கொடுத்தார்கள்.

மூன்று கிழமை எழுதினாள். அந்நியன் என்று பொருள்படும் நொதுமல் என்ற பழந்தமிழ்ச் சொல்லை வளைத்து, நொதுமா என்று பெயர் வைத்தாள். சாம்பல் நிறம். மற்றப் பதினொன்றும் சுற்றிவர, அது நடுவில் அசையாமல் நிற்கும். சாம்பல் கடலின் ஓடக்காரர்கள் அதைப் பார்த்துத் திசை அறிவார்கள். அதற்கு மேல் அதனிடம் எதுவும் கேட்கமாட்டார்கள். அதன் கீழ்ப் பிறந்தவருக்கு வரமும் இல்லை, சாபமும் இல்லை. அவர் செய்வதே அவர். எழுதப்பட்ட வானத்திலாவது ஒரு நட்சத்திரம் மனிதர் தலையில் கைவைக்காமல் நிற்கட்டும் என்று அவள் நினைத்தாள். அது அப்படியே வெளிவரவேண்டும் என்பதைத் தவிர அந்த வருஷம் அவளுக்கு வேறு ஆசை இருக்கவில்லை.

குழுவுக்குப் பொறுப்பான ரிஷாத் நல்லவன். வெள்ளோட்டம் முடிந்ததும் கதிரையை இழுத்துக்கொண்டு பக்கத்தில் வந்து இருந்தான்.

"ஆரணி, ஒங்கட ஸ்டார் செம. ஆனா ஒருத்தரும் எடுக்கிறாங்க இல்ல."

"ஒருத்தருமோ?"

"ஒருத்தருமே. ஒண்ணும் தராத ஸ்டார எவன் எடுப்பான்? அவங்களுக்குச் சாபம் ஒண்டு வேணுமாம். இதுல பொறந்தவன் ஆரோட சேர்றானோ அவன் மௌத்தாகணும், செத்துப் போகணும். பதிலுக்கு ஒரு பவர் குடுத்திரலாம்."

ஆரணி சிரித்துவிட்டாள். அவன் திகைத்துப் போனான்.

"நான் எழுதாட்டி?"

"வேற ஆளுக்கிட்டக் குடுப்பாங்க. நீங்க எழுதினா வடிவா இருக்கும்."

அன்று பின்னேரமே எழுதினாள். எழுத அதிகம் யோசிக்கவேண்டி இருக்கவில்லை. சாத்திரியார் சொன்னவை எல்லாம் மனப்பாடம். கடைசியில் தானாக ஒரு பந்தி சேர்த்தாள். சாபம் உண்மையில் நொதுமாவினுடையதே அல்ல. கோயில் மணிக்கூட்டை ஓர் அரசன் மாற்றி வைத்தான், பூசாரிகள் பிழையாகக் கணக்கிட்டார்கள், மக்கள் நம்பினார்கள், நம்பியவர்களே விலக்கினார்கள். அந்தப் பந்திக்காகத்தான் மற்றதை எழுதினாள்.

ஒரு கிழமையில் பதில் வந்தது. சாபம் அப்படியே இருந்தது. பந்தியைக் காணவில்லை.

"கன்பியூஸ் ஆகுதாம் ஆரணி," என்றான் ரிஷாத், அவளுடைய முகத்தைப் பாராமல். "சாபம் எண்டா சாபமா ஈக்கணுமாம்."

விளையாட்டு வெளியான முதல் நாளே நொதுமாவின் கீழ் ஆயிரக்கணக்கானோர் பிறந்தார்கள். அலுவலகத்தில் கேக் வெட்டினார்கள். ஒரு துண்டைக் கடதாசித் தட்டில் வைத்து அவளிடமும் நீட்டினார்கள். சாப்பிட்டாள்.

வீட்டுக்கு வந்தபோது, ஜீவராணி மேசையில் ஒரு படிவத்தை விரித்து வைத்திருந்தாள்.

"பிள்ளை, வத்தளையில ஒரு இடம். பெடியன் பேர் ஹரிசன். அவருக்கும் ஏழில செவ்வாயாம். பொருந்துமாம்."

"எனக்கு ஏழில இல்லையே அம்மா. நீங்கள்தானே நாலு வருஷமாச் சொல்லிக்கொண்டு திரியிறியள்."

"ஓம், சொன்னனான். ஆர் கேட்டது?" ஜீவராணி பேனையின் மூடியைக் கழற்றினாள். "இனி அந்த அரை மணித்தியாலக் கதையை எடுக்கிறேல்லை. கேக்கிற சனத்தைக் குழப்புது."

மருத்துவிச்சியைத் தவிர, அந்தக் கைக்கடிகாரத்தை நேரில் பார்த்தவள் அவள் ஒருத்திதான். பிறந்த நேரம் என்ற கோட்டுக்கு மேல் 4.10 என்று நிதானமாக எழுதினாள். பக்கத்தில், வழக்கமாகப் பழைய நேரம் என்று எழுதும் இடத்தை, வெறுமையாக விட்டாள்.