தூர்த்த கிணறு

எழுபதுகளின் நடுவில், அபுதாபியிலிருந்து உள்நாட்டுக்குச் சாலை போட்ட ஒரு கம்பெனியில் நான் கூலி. ஐந்தாவதோடு நின்றவனுக்கு மண்வெட்டிதான் கிடைத்தது. எதற்கெடுத்தாலும் பயப்படுவேன். எனக்கு விசா கொடுத்த அரபி முதலாளி கபீலிடம் இருக்கும் பாஸ்போர்ட்டை நினைத்தே பாதித் தூக்கம் போகும்.

சரளை அள்ளும் இடத்தில் ஒரு நாள் கல்லும் காய்ந்த தோலும் போட்டு மூடிய குழி ஒன்று இருந்தது. பக்கத்தில் கயிறு கட்டிய தோல் வாளி. லாரி திரும்ப இடைஞ்சல் என்று ஃபோர்மேன் தூர்க்கச் சொன்னார். முதல் கல்லைப் போட்டதும் ஆழத்தில் தண்ணீர்ச் சத்தம் கேட்டது. கேட்டும் நான் வாய் திறக்கவில்லை. வேலை நின்றால் என்னைத்தானே திட்டுவார்?

இரண்டு மாதம் கழித்து, சர்வே குச்சி நட மூன்று பேர் போனோம். நான், புதிதாக வந்திருந்த என் ஊர்க்காரன், பிக்கப் ஓட்டிய பதூ. பதூ என்றால் பாலைவன நாடோடி; இவர் முன்பு ஒட்டகக்காரர். கடற்கரையிலிருந்து அரிசியும் கருவாடும் ஏற்றி, வரிசையாக ஐந்து நாள் நடந்து, பேரீச்சம்பழத்தோடு திரும்புவார்களாம். லாரி வந்ததும் ஒட்டகங்களை விற்றுவிட்டார்.

வழியில் வண்டி கொதித்து நின்றது. இருந்த தண்ணீரையெல்லாம் ரேடியேட்டர் குடித்தது. அப்படியும் கிளம்பவில்லை.

பதூ இந்தியும் அரபியும் கலந்து, "பயம் மாஃபி, பயமே வேண்டாம். எங்க ஒட்டகம் குடிச்ச கிணறு கிட்டத்துலதான். யாரு வந்தாலும் அடுத்தவனுக்காக மூடி, வாளிய வெச்சுட்டுப் போவோம். யல்லா, நடங்க" என்றார்.

ஊர்க்காரன் சிரித்தான். "ஒட்டகத்தோட எச்சித் தண்ணியா மாப்ள? குடிச்சா கூனு விழுந்துருமோ?"

மூடிய குழி, தோல் வாளி. அதே இடம். சொல்லிவிடலாம். ஆனால் பதூவின் இடுப்பில் கத்தி இருந்தது. வேறு கிணறாக இருக்கும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு ஒரு மணி நேரம் நடந்தேன். ஊர்க்காரன் சிரிப்பதை நிறுத்தி, இரண்டு முறை வாந்தி எடுத்தான். தூரத்தில் சரளை மேடு தெரிந்தபோதுதான் சொன்னேன்.

"அந்தக் கிணறு இப்ப இல்ல. நான்தான் தூர்த்தேன்."

பதூ கத்தியைத் தொடவில்லை. "கிளம்பறப்பவே சொல்லியிருந்தா வண்டி நிழல்லயே இருந்திருப்போமே" என்று மட்டும் சொல்லிவிட்டு, ஊர்க்காரனைத் தோளில் போட்டுக்கொண்டு திரும்பினார். எங்களைத் தேடி லாரி வந்தபோது சூரியன் சாய்ந்திருந்தது. ஊர்க்காரன் வாயில் ஊற்றிய தண்ணீர் உள்ளே இறங்காமல் காதோரம் வழிந்தது. கேம்ப் போய்ச் சேருமுன் மூச்சு நின்றுவிட்டது.

அவன் மனைவிக்கு எழுத அங்கே தமிழ் தெரிந்தவன் நான் ஒருவன்தான். வண்டி கெட்டுப்போனது, வெயில் கடுமை என்று எழுதினேன். 'கடைசியில் தண்ணீர் கேட்டாரா?' என்று பதில் வந்தது. கேட்கவில்லை என்று எழுதிப் போட்டேன்.

கேட்டான். வழியெல்லாம், "இன்னும் எவ்வளவு தூரம் மாப்ள?" என்று என்னைத்தான் கேட்டான்.