ஆலாக்கள் உட்கார்ந்த மாடிப்படி

பூனாவில் மழை முடியும்போது எங்கள் ஊரில் மழை தொடங்கும். கல்யாணமாகி இங்கே வந்த இருபத்து மூன்று வருஷத்தில் எனக்கு நன்றாகப் பதிந்துபோன விஷயம் இது. இவருக்குக் கேம்ப் பக்கம் ஒரு சந்தில் தார்ப்பாய்க் கடை. இங்கே எல்லாரும் அதைத் தாட்பத்ரி என்பார்கள். மே மாதக் கடைசியில் ஔந்திலிருந்தும் வாகடிலிருந்தும் ஆட்கள் வருவார்கள். பால்கனிக்கு, ஸ்கூட்டர் நிற்கிற இடத்துக்கு, பானிபூரி வண்டிக்கு என்று நீலத்திலும் மஞ்சளிலும் அளந்து வாங்கிப் போவார்கள். கணபதி விழா முடிந்து மழையும் ஓய்ந்ததும், விற்காத சுருள்களை இவர் தட்டி மடித்துக் கடைப் பரணில் ஏற்றிவிடுவார். சரியாக அந்தச் சமயத்தில்தான் லாத்தா போன் பண்ணி, "இங்க வானம் கறுத்துடுச்சு" என்று சொல்வாள்.

லாத்தா என் கூடப்பிறந்த அக்கா. நாகப்பட்டினத்துக்குத் தெற்கே, கடலுக்குப் பக்கத்தில் எங்கள் ஊர். அவள் புருஷன் மவுத்தாகி மண்ணுக்குப் போய் ஆறு வருஷம் ஆகிறது. ஒரே ஒரு மகள். எங்கள் ஊரில் நிக்காஹ் முடிந்தால் பெண் புருஷன் வீட்டுக்குப் போவதில்லை. மாப்பிள்ளைதான் பெண் வீட்டோடு வந்து இருப்பார். அதனால் பெண்ணைப் பெற்றவர்களுக்கு மாப்பிள்ளை பார்ப்பதைவிட அவருக்கென்று ஓர் அறை கட்டுவதுதான் பெரிய பாடு. என் விஷயத்தில் மட்டும் இவர் கடையைக் காரணம் சொல்லி என்னைக் கையோடு பூனாவுக்கு அழைத்து வந்துவிட்டார். "நம்ம வீட்டுலேருந்து தப்பிச்ச ஒரே பொம்புள நீதான்டி" என்று லாத்தா இன்னும் சொல்லிச் சிரிப்பாள்.

மகளுக்காக லாத்தா மாடியில் ஓர் அறை எழுப்பினாள். செங்கல் சுவர், மேலே சிமெண்டு ஷீட். கட்டில், பீரோ எல்லாம் ஏற்றியாகிவிட்டது. நான் என் பங்குக்கு ஒரு மெத்தை விரிப்புத் தைத்து அனுப்பியிருந்தேன். பச்சைத் துணியில் ஓரமெல்லாம் கொடியும் பூவும். பகல் வேலை முடிந்த நேரங்களில் உட்கார்ந்து ரமலானுக்கு முன்னால் ஆரம்பித்தது, பக்ரீத் கழிந்துதான் முடிந்தது. எனக்குப் படிப்பு எட்டாவது வரைதான். ஆனால் ஊசி என் பேச்சைக் கேட்கும். அந்த விரிப்பில் எனக்குக் கொஞ்சம் பெருமை இருந்தது. அல்லாஹ் மன்னிக்கட்டும்.

நிக்காஹுக்கு இன்னும் பன்னிரண்டு நாள் இருந்தபோது கடலில் புயல் கிளம்பியது. வடக்கே போகும் என்றார்கள். பிறகு திரும்பிவிட்டது என்றார்கள். தாழ்ந்த தெருக்காரர்களெல்லாம் லாத்தா வீட்டுக்கு வந்துவிட்டார்கள். கீழ்த்தளம் கான்கிரீட் வீடு, தரையும் உயரம். மீன்பிடிக்கிறவர்கள், பீடி சுற்றுகிறவர்கள், கைக்குழந்தைக்காரிகள் என்று கூடத்தில் நாற்பது பேர். லாத்தா கஞ்சி காய்ச்சிக்கொண்டிருந்தாள்.

அது ஒரு ஞாயிற்றுக்கிழமை. பூனாவில் பளிச்சென்று வெயில். நான் விடியற்காலை ஸுப்ஹு தொழுததிலிருந்து போனைக் கையிலிருந்து இறக்கவில்லை. என் மகள் அவள் போனில் புயலின் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். சிவப்பாக ஒரு வட்டம், நடுவில் ஒரு சின்ன வெள்ளை ஓட்டை. அவளுக்குத் தமிழ் தட்டுத்தடுமாறித்தான் வரும்.

"அம்மீ, பெரியம்மா ஊர் மேல இப்ப ரெட் இல்ல. க்ளியர் இருக்கு" என்றாள்.

அந்த நேரத்தில் போன் அடித்தது. லாத்தா மகள். நான் அவளுக்குச் சாச்சி, சின்னம்மா.

"சாச்சி, காத்து சுத்தமா நின்னுடுச்சு. காலையிலேருந்து வடக்கேருந்து பேயா அடிச்சுச்சு. இப்ப இலைகூட ஆடல. வெளிச்சம்கூட வந்துடுச்சு."

"மேல அறை?"

"ஷீட்டெல்லாம் அப்படியே இருக்கு."

எனக்கு மனசு குளிர்ந்துபோனது. உடனே விரிப்பு ஞாபகம் வந்தது.

"அப்ப ஏன்டி நிக்கிறே. மேல போயி அந்த விரிப்பையும் பீரோல இருக்கற புதுத் துணியையும் எடுத்துட்டு வந்துடு. மழை திரும்பறதுக்குள்ள ஓடு."

"உம்மா கொல்லையில அரிசி களையுது. கேட்டுட்டுப் போறேன்."

"இதுக்கென்ன கேக்கறது. ரெண்டு நிமிஷ வேலை. போம்மா."

"சரி சாச்சி" என்றாள். லைன் அறுந்தது.

நான் நிம்மதியாக டீ போட்டேன். பூனா மழையோடு பழகிய புத்தி. இங்கே மழை நின்றால் நின்றதுதான். அந்த இடைவெளியில் துணியை எடுப்போம், பால் வாங்கி வருவோம், தாட்பத்ரியில் தேங்கிய தண்ணீரைத் தள்ளிவிடுவோம். ஊரில் பிறந்து வளர்ந்தவள்தான். ஆனால் நான் இருந்த காலத்தில் வந்த புயலெல்லாம் பக்கவாட்டில் போனவை. நடுப்பகுதி எங்கள் தலைக்கு மேலே வந்ததை நான் பார்த்ததில்லை.

எதிர் ஃபிளாட்டில் இருக்கிற மராத்திக்கார அம்மாள், நாங்கள் காக்கூ என்று கூப்பிடுகிறவர், அவலில் செய்த போஹா கொண்டுவந்தார். கொங்கண் கடற்கரையில் பிறந்தவர். "ஊர்ல எப்படி இருக்கு?" என்று கேட்டார். காற்று நின்றுவிட்டது என்று சந்தோஷமாகச் சொன்னேன்.

காக்கூ தட்டை மேசையில் வைத்தார். "கொஞ்சம் கொஞ்சமா குறைஞ்சதா, இல்ல ஒரேயடியா நின்னதா?"

"ஒரேயடியா."

அவர் முகம் மாறியது. "அப்ப முடியலை. இது நடுப்பகுதி. மறுபடி வரும். எதிர்ப்பக்கத்துலேருந்து, இதைவிட வேகமா வரும். யாரும் வெளியில போகக் கூடாதுன்னு சொல்லு."

நான் போனை எடுத்தேன். போகவில்லை. மறுபடி அடித்தேன். மறுபடி. லாத்தா நம்பர், மகள் நம்பர், பள்ளிவாசல் மோதினார் நம்பர் எதுவும் போகவில்லை. என் மகளின் போனில் அந்த வெள்ளை ஓட்டை மெல்ல நகர்ந்து, சிவப்பு மறுபடியும் எங்கள் ஊர்மேல் ஏறிக்கொண்டிருந்தது. அந்தப் பிள்ளை மாடி அறையில் பீரோவைத் திறந்து நிற்கிறாள் என்று என் கண்ணுக்குத் தெரிந்தது. தலைக்கு மேலே அந்த ஷீட்டு. நான்தான் ஏற்றிவிட்டேன், ஒரு துணிக்காக.

கைகால் முகம் கழுவி வுளு செய்துவிட்டு, தொழுகிற முஸல்லாவை விரித்தேன். தொழுதேன், அழுதேன், எழுந்து போனைப் பார்த்தேன், மறுபடி உட்கார்ந்தேன். "ரப்பே, நான் சொன்ன சொல்லை அவ காதுலேருந்து எடுத்துடு" என்று கேட்டேன். சொல்லி முடித்த சொல்லை எப்படி எடுக்க முடியும் என்றெல்லாம் யோசிக்கவில்லை. அவனால் முடியும் என்றுதான் கேட்டேன். காக்கூ தன் வீட்டில் சாமி விளக்கை ஏற்றிவிட்டு வந்து என் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்தார். "காளஜீ கரூ நகோஸ்" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். கவலைப்படாதே என்று. இவர் கடையைச் சாத்திவிட்டு வந்தார். என்ன செய்தேன் என்று அவரிடம் என்னால் சொல்ல முடியவில்லை.

நடுப்பகல் ளுஹர் போய் சாயங்கால அஸரும் ஆனது. அஸர் தொழுது ஸலாம் கொடுக்கும்போது போன் அடித்தது. தெரியாத நம்பர்.

"அஸ்ஸலாமு அலைக்கும். நான் மாப்பிள்ளை பேசுறேன்" என்று ஓர் ஆண்குரல். அவளை நிக்காஹ் செய்யப்போகிற பையன். கடைத்தெருவில் செல்போன் ரிப்பேர்க் கடை வைத்திருக்கிறான். "தெருவுல இடுப்பளவு தண்ணி. கடல் உள்ள வந்துடுச்சு. வீட்டுல எல்லாரும் நல்லா இருக்காங்க. ஜன்னல் வழியா போனைக் குடுக்கறேன், பேசுங்க."

"உள்ள போயேன்பா."

"நிக்காஹுக்கு முன்னாடி எப்படி உள்ள போறது?" என்றான். இடுப்பளவு கடல் தண்ணீரில் நின்றுகொண்டு அவன் வழக்கத்தைப் பார்க்கிறான்.

"சாச்சி" என்றது குரல்.

"மேல போனியாடி?"

"பாதிப் படி போனேன். அதுக்கு மேல இடமில்ல. படி முழுக்க ஆலா."

ஆலா என்றால் கடற்பறவை. கரைக்கு வரும், ஆனால் வீட்டுக்குள் வராது. காற்றுக்கு நடுவில் மாட்டிக்கொண்டு, அது நின்ற இடத்தில் அப்படியே இறங்கியிருக்கின்றன. ஒவ்வொரு படியிலும் ஐந்தாறு, நனைந்து, இறக்கையைத் தொங்கப் போட்டுக்கொண்டு. அவள் கிட்டே போனபோதும் பறக்கவில்லையாம். வாயைத் திறந்து பார்த்துக்கொண்டு மட்டும் இருந்தனவாம்.

"தாண்டிப் போகணும்னா மிதிக்கணும் சாச்சி. விரட்டவும் மனசு வரல. என்ன பண்றதுன்னு நின்னுக்கிட்டே இருந்தேன். அப்ப தெக்கேருந்து ரயில் வர்ற மாதிரி சத்தம் கேட்டுச்சு. கீழ ஓடி வந்துட்டேன். நான் கதவைச் சாத்தறதுக்குள்ள ஷீட்டெல்லாம் போயிடுச்சு."

லாத்தா போனைப் பிடுங்கினாள்.

"நல்லா இருக்கோம்டி. மாப்பிள்ளை அறைக்குத்தான் கூரை இல்ல. கிணத்துல உப்புத் தண்ணி. அடுப்படி முழுக்கச் சேறு. நாப்பது பேருக்குக் கஞ்சி மட்டும் மீதி இருக்கு. நீ அழுவாதே, சார்ஜ் போயிடும்."

இவரிடம் கூரை போன சேதியை மட்டும் சொன்னேன். தாடியைத் தடவிக்கொண்டே, "வா, பரணைப் பாப்போம்" என்றார். இருந்ததிலேயே கனமான மஞ்சள் தார்ப்பாய் இரண்டு சுருள், நைலான் கயிறு ஒரு கட்டு. ரயில் ஓடத் தொடங்கியதும் மூன்றாம் நாள் கிளம்பிவிட்டோம். பெட்டியில் எல்லாரும் அந்தச் சுருளைப் பார்த்து, "க்யா ஹை பாய், கூடாரமா?" என்று கேட்டார்கள். "மாப்பிள்ளை வீடு" என்று இவர் சொன்னார்.

ஊர் உருக்குலைந்து கிடந்தது. தென்னைகள் எல்லாம் ஒரே திசையில் படுத்திருந்தன. வயலில் படகு நின்றது. ஆனால் தெருவில் சேற்றை வாரிக்கொண்டிருந்தவர்கள் எங்களைப் பார்த்து, "நிக்காஹ் உண்டுல்ல?" என்றுதான் கேட்டார்கள். ஊருக்கு ஒரு நல்ல சாப்பாடு தேவைப்பட்டது. என் விரிப்பு கொல்லையில் விழுந்த முருங்கை மரத்தில் சேறும் உப்புமாகச் சிக்கியிருந்தது. டேங்கர் தண்ணீரில் மூன்று முறை அலசினேன். பச்சையில் வெள்ளையாக ஒரு கறை மட்டும் போகவில்லை.

கூரை கட்டும் நாளில்தான் சங்கடம். இவருக்கு ஓர் ஆள் உதவி வேண்டும். ஊரில் கைதேர்ந்தவர்கள் எல்லாம் அவரவர் வீட்டுக் கூரையில் இருந்தார்கள். உயரம் ஏறத் தெரிந்து, கையும் சும்மா இருந்தவன் மாப்பிள்ளைப் பையன் ஒருவன்தான். அவனோ நிக்காஹுக்கு முன்னால் பெண் வீட்டு வாசலை மிதிக்கக் கூடாது. கடைசியில் சந்துப் பக்கமாக மூங்கில் ஏணியைச் சாத்தினார்கள். அவன் தெருவிலிருந்தே நேராகக் கூரைக்கு ஏறினான். லாத்தா தலையில் முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு கீழேயிருந்து கயிற்றில் வாளியைக் கட்டி டீ அனுப்பினாள்.

"லாத்தா, உங்க மருமவன் வாசல் வழியா வரல, வானத்து வழியாத்தான் வந்திருக்காரு" என்றார் இவர் மேலேயிருந்து.

"வந்தவரு ஒழுங்கா முடிச்சுப் போடச் சொல்லுங்க தம்பி. ஒழுவுனா அவரு தலையிலதான் ஒழுவும்."

இவர் பூனாக் கணக்கில் தார்ப்பாயை உயரமாகத் தூக்கி, சரிவாக இழுத்தார். பையன் மெதுவாக, "மாமா, இங்க இவ்வளவு தூக்குனா காத்து உள்ள பூந்து மறுபடி கொண்டுபோயிடும். சுவத்தோட ஒட்டி இறக்கிக் கட்டுவோம்" என்றான். இவர் கடையில் யார் சொல்லையும் கேட்கிறவர் இல்லை. அன்றைக்கு மறுபேச்சில்லாமல் கயிற்றை அவிழ்த்தார். அடுப்படிக்குள் நின்ற கல்யாணப் பெண் தலை குனிந்து சிரித்துக்கொண்டிருந்தாள்.

குறித்த நாளில் நிக்காஹ் நடந்தது, அல்ஹம்துலில்லாஹ். மாப்பிள்ளை முதல்தடவையாக வாசல் வழியாக வந்தான். மறுநாள் காலையில் மழை. புயல் மழை இல்லை, சாதாரண மழை. மஞ்சள் தார்ப்பாயில் அது விழும் சத்தம் கீழே வரைக்கும் கேட்டது. நானும் லாத்தாவும் அடுப்படியில் பரோட்டாவுக்கு மாவு பிசைந்துகொண்டிருந்தோம். இதற்கு மேல் மனசில் வைத்திருக்க முடியவில்லை.

"லாத்தா, அன்னைக்கு அவளை மேல போகச் சொன்னது நான்தான். விரிப்பை எடுக்கச் சொன்னேன்."

லாத்தா கையை நிறுத்தவில்லை.

"தெரியும்டி."

"அவ சொன்னாளா?"

"அவ எங்கே சொன்னா. போன் ஸ்பீக்கர்ல இருந்துச்சு. கூடத்துல இருந்த நாப்பது பேருக்கும் கேட்டிருக்கு. எனக்கு வந்து சொன்னாங்க, நான் அரிசியைப் போட்டுட்டு ஓடியாந்தேன். படிக்கிட்ட வந்தா அவ எதிர்ல ஓடியாறா."

"ஒரு வார்த்தை என்னை ஏசலையே."

"ஏசலாம்னுதான் இருந்தேன். நீ தார்ப்பாயைத் தூக்கிட்டு வந்து எறங்குன. அப்புறம் எங்கே ஏசறது." மாவை ஒரு தட்டுத் தட்டினாள். "பூனாக்காரி ஆயிட்டே, அவ்வளவுதான். இங்க காத்து நின்னா குந்திக்கிட்டு இருக்கணும்."

ஆலாக்கள் என்ன ஆயின என்று கேட்டேன். காற்று ஓய்ந்து பார்த்தபோது பாதிக்குமேல் படியிலேயே ஒண்டிக்கொண்டு உயிரோடு இருந்தனவாம். இரண்டு நாள் இருந்துவிட்டுக் கடல் பக்கம் பறந்துவிட்டன. அதுவரை யாரும் அந்தப் படியில் ஏறவில்லை, லாத்தா ஏற விடவில்லை.

இப்போது அறைக்குக் கான்கிரீட் போட்டாகிவிட்டது. விரிப்பு அந்தக் கறையோடு கட்டிலில் கிடக்கிறது. இவர் வருஷா வருஷம் பரணில் ஏற்றும்போது இரண்டு மஞ்சள் சுருளைத் தனியாக வைத்து, சாக்குக்கட்டியால் 'லாத்தா வீடு' என்று எழுதிவிடுகிறார். கடை ஆளுக்குத் தமிழ் தெரியாது, ஆனாலும் அதை மட்டும் விற்க மாட்டான்.

போன வாரம் கடலில் மறுபடி ஒன்று கிளம்பியது என்றார்கள். போன் போட்டேன். லாத்தா மகள் எடுத்தாள், இடுப்பில் அவள் பிள்ளை அழுதுகொண்டிருந்தது.

"காத்து எங்கேருந்து அடிக்குது?" என்று கேட்டேன். இப்போதெல்லாம் முதலில் இதைத்தான் கேட்கிறேன்.

"வடக்கேருந்து சாச்சி. லேசாத்தான்."

"நின்னா?"

"நின்னா குந்திக்கிட்டு இருப்போம்" என்றாள். பின்னாலிருந்து லாத்தா சிரிப்பது கேட்டது.