மேல் லயத்து ஆள்கணக்கு

வட்டகொடைக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்து ஆபீசில் நான் சின்னக் கிளாக்கராகச் சேர்ந்த வருஷம். தொழிலாளர் வீட்டு வரிசையான மேல் லயத்தில் போன வருஷம் எத்தனை பேர் இருந்தார்கள் என்று துரை கேட்டிருந்தார். கூரை ஒழுகி, பழைய ஆள்கணக்குப் புத்தகத்தில் அந்தப் பக்கத்தின் அடிப்பாகம் வெறும் மைக்கறையாகிப் போயிருந்தது. இந்த வருஷத்துக் கடிதம் ஒன்றில் மட்டும், ‘இப்போது அறுபது பேர், போன வருஷத்தைவிட நூற்றுக்கு இருபத்தைந்து கூடுதல்’ என்றிருந்தது.

அறுபதில் கால் பங்கு பதினைந்து. கழித்தேன், நாற்பத்தைந்து. புத்தகத்தில் வாசிக்க முடிந்த பெயர்களை எண்ணினேன். அதுவும் நாற்பத்தைந்து. கறைக்கு அடியில் ஒன்றும் இருந்திருக்காது என்று நானே தீர்மானித்து எழுதி வைத்தேன்.

மூன்று மணிக்கே பனிமூட்டம் இறங்கிவிட்டது. ஜன்னலுக்கு வெளியே ஒரு பெண் நின்றாள். இரு பக்கமும் இரண்டு பிள்ளைகள்.

“ஐயா, எங்க மூணு பேரையும் எழுதிட்டீங்களா?”

“எந்த லயம்?”

“மேல் லயங்க. கடைசி காம்பரா.”

கடைசி அறை என்று புத்தகத்தில் யாரும் இல்லை. “நாளைக்குக் கங்காணியோட வாங்க” என்று சொல்லி நிமிர்ந்தேன். அங்கே பனிதான் இருந்தது. சரளைக்கல் பாதையில் காலடிச் சத்தம்கூட இல்லை.

பெரிய கிளாக்கர் என் தாளைப் பார்த்ததும் பென்சிலை எடுத்தார்.

“இருபத்தஞ்சு கூடினது போன வருஷக் கணக்கு மேல, தம்பி. நீங்க இந்த வருஷக் கணக்குல கழிச்சிருக்கீங்க. போன வருஷம் நூறுன்னா இப்ப நூத்தி இருபத்தஞ்சு. இப்ப அஞ்சு பங்குன்னா, பழசு நாலு பங்கு. அறுபதை அஞ்சால பிரிங்க.”

“பன்னெண்டு.”

“நாலு பன்னெண்டு?”

“நாப்பத்தெட்டு” என்றேன். “மூணு பேரு விட்டுப்போச்சுங்க.”

கங்காணியைக் கூப்பிட்டுக் கடைசி காம்பராவைப் பற்றிக் கேட்டோம்.

“போன மழைக்கு அதுமேல மண்ணு சரிஞ்சிருச்சுங்க. ஒரு தாயும் ரெண்டு புள்ளைங்களும் போயிட்டாங்க. இப்ப அங்க காம்பராவே இல்லைங்க.”

நான் பார்த்ததைச் சொன்னேன். “பக்கத்துத் தோட்டத்து ஆளா இருக்கும்” என்றார் கங்காணி. சொல்லும்போது என் முகத்தைப் பார்க்கவில்லை.

அவர் சொல்லச் சொல்ல மூன்று பெயர்களையும் எழுதினேன். சின்னப் பிள்ளையின் பெயர் ஞாபகம் வர அவருக்கு வெகுநேரம் ஆயிற்று. பேனாவைக் கீழே வைக்காமல் காத்திருந்தேன்.

மறுவாரம் மேல் லயத்துக்குப் போக வேண்டியிருந்தது. தனியாகப் போகப் பயந்து கங்காணியையும் கூட்டிக்கொண்டு போனேன். வரிசையின் கடைசியில் ஒரு செம்மண் மேடு. அதில் புல் முளைத்திருந்தது. கங்காணி தலைப்பாகையை அவிழ்த்துக் கையில் வைத்துக்கொண்டார்.