துணி எடுக்கிற வேலை

திருடினாளாம்! என் மருமகள் பிரிட்ஜைத் திருடினாளாம்! மூக்குத்தியா அது, முந்தானையில் முடிந்துகொண்டு வர? எதிர்வீட்டுக்காரி வாய்க்கு வந்ததை அளக்கிறாள். தெருவுக்கும் பொழுது போக வேண்டாமா, தலையாட்டுகிறது.

டிவியில் அந்த விலை சொல்லும் போட்டி ஆரம்பித்த புதிது. பொருளை மூடி வைத்திருப்பார்கள். துணியை எடுத்ததும் சரியான விலையைச் சொன்னால் பொருள் உங்களுக்கு. அந்தத் துணியை எடுப்பவள்தான் என் மருமகள். சிரித்துக்கொண்டே எடுக்க வேண்டும். வீட்டில் என்னைப் பார்த்து அப்படிச் சிரித்ததில்லை. அதற்குச் சம்பளம் இல்லையே.

ஒரு வாரம் வாத்தியார் ஒருவர் பிரிட்ஜ் ஜெயித்தார். அடுத்த வாரம் ஒரு நர்ஸ். அப்புறம் ஒரு பஸ் டிரைவர். எல்லா பிரிட்ஜிலும் கதவோரம் அதே நெளிசல். கம்பெனிக்காரனே நெளித்துத்தான் செய்கிறானோ என்று மருமகளைக் கேட்டேன்.

"எல்லாம் ஒரே பிரிட்ஜ்தான் அத்தை. கடையில இரவல். ஷூட்டிங் முடிஞ்சதும் திருப்பிக் கொடுத்துடுவாங்க."

"அப்போ ஜெயிச்சவங்களுக்கு?"

"வீட்டுக்கு வந்து சேரும்னு நான் சிரிச்சுக்கிட்டே சொல்லணும்."

"சேர்ந்துச்சா?"

சாப்பாட்டுத் தட்டைத் தள்ளி வைத்தாள். "அந்த நர்ஸம்மா தினம் ஸ்டுடியோ வாசலுக்கு வந்து என் கையப் பிடிச்சுக் கேக்குறாங்க. இனிமே எனக்குச் சிரிப்பு வராது அத்தை."

அடுத்து ஜெயித்தவள் துணிகளுக்கு இஸ்திரி போடுகிறவள். விவரமானவள். புருஷனைத் தள்ளுவண்டியோடு வாசலில் நிறுத்திவிட்டே வந்திருக்கிறாள். பிரிட்ஜின் கைப்பிடியைப் பிடித்தவள் விடவில்லை.

"வீட்டுக்கு வந்து சேரும்மா" என்றார் போட்டியை நடத்தும் மானேஜர்.

"உங்களுக்கு எதுக்கு சார் சிரமம்? வண்டி கொண்டாந்திருக்கேன்."

பாவம், மனிதருக்கு அந்தக் குளிர்பெட்டி பக்கத்திலேயே வேர்த்துவிட்டது. என் மருமகளைப் பார்த்துக் கத்தினார்: "துணியப் போட்டு மூடும்மா!"

"எடுக்கத்தான் சார் எனக்குச் சம்பளம். மூடறதுக்கு வேற ஆள் பாருங்க."

"வேலை போயிடும்!"

"போகட்டும். அக்கா, நீங்க அந்தப் பக்கம் பிடிங்க. இங்க நெளிசல் இருக்கு, கையக் கிழிச்சிடும்."

இதுதான் எதிர்வீட்டுக்காரி கண்ட திருட்டு! ஜெயித்தவள் தன் பொருளை எடுத்துப் போனாள். இவள் ஒரு கை கொடுத்தாள். கடைக்காரனுக்குப் பதில் சொல்ல மானேஜர் இருக்கிறார், வாய்தான் நீளமாயிற்றே.

பிரிட்ஜை அது நின்ற சக்கரப் பலகையோடு இருவரும் தள்ளினார்கள். வாசல் கதவை முதுகாலேயே இடித்துத் திறந்து வெளியே வந்த என் மருமகள் சிரித்தாளாம். சம்பளமில்லாமல்.