ரிசீவர் குடிக்காத தேநீர்

அண்ணனும் நானும் பங்குக்கு வழக்காடியதில், றொசல்லையிலுள்ள எங்கள் தேயிலைக் காணியைத் தீர்ப்பு வரும்வரை பார்த்துக்கொள்ள நீதிமன்றம் ஒரு ரிசீவரை நியமித்தது. ஒல்லியான மனிதர். நாற்காலி போட்டாலும் உட்காரமாட்டார். கொழுந்து முத்திவிடும் என்று செடிகளுக்கு நடுவே நடந்துகொண்டே இருப்பார். தோளில் எப்போதும் ஒரு சுடுநீர் பிளாஸ்க்.

ஒருநாள் நல்ல மழை. “ஒரு பிளேன்டி குடிச்சிட்டுப் போங்க சார்,” என்று பால் கலக்காத தேநீரை நீட்டினேன்.

“இங்க குடிச்சா ஒங்க அண்ணன் சந்தேகப்படுவாரு. அங்க குடிச்சா நீங்க சும்மா இருப்பீங்களா?”

இருக்கமாட்டேன். ரிசீவர் என் அண்ணன் வீட்டு வாசலில் நிற்கும்போதெல்லாம் கையில் கோப்பை இருக்கிறதா என்றுதான் ஜன்னல் வழியே பார்ப்பேன்.

தீர்ப்பு வந்து காணி பிரிந்த அன்று, அண்ணனும் நானும் இருவருமே அவர் நின்ற புது எல்லைக்குத் தேநீரோடு ஓடினோம். அவர் பிளாஸ்க்கைத் திறந்து குடித்துவிட்டு, பஸ்ஸுக்கு நடந்தார். ஆறிக்கொண்டிருந்த கோப்பைகளோடு எதிரெதிரே நின்ற எங்களுக்கு, யார் முதலில் திரும்பிப் போவதென்று தெரியவில்லை.