எங்கள் சந்தில் ஒரு கேட்

தென்காசியிலிருந்து குற்றாலம் போகும் சாலையில், வீட்டு வசதி வாரியத்தின் வாடகைக் குடியிருப்பில் இருந்தோம். குடியிருப்பவர்களுக்கே வீட்டை விற்கப்போவதாக அறிவிப்பு வந்த அன்று சந்து முழுக்கக் கேசரி மணத்தது. நான் தையல் வேலையில் சேர்த்ததையெல்லாம் போட்டு என் பெயரில் பத்திரம் வாங்கினேன். அதில் இன்றும் எனக்குப் பெருமைதான்.

பக்கத்து வீட்டுக்காரியால் வாங்க முடியவில்லை. ஒதுக்கீடு அவள் கணவன் பெயரில் இருந்தது. அவனோ புளியறை தாண்டிக் கேரளாவுக்குப் போனவன், பல வருடங்களாகத் திரும்பவில்லை. அவள் மட்டும் வாடகைக்காரியாகவே நின்றுபோனாள்.

குழாயடியில் குடத்தை வரிசையில் வைத்துவிட்டு அடுத்தவர் வீட்டில் டிவி பார்த்தவர்கள், ஓனர் ஆனதும் சங்கம் வைத்தார்கள். குற்றாலச் சீசனுக்கு வருகிறவர்களுக்கு வீட்டை வாடகைக்கு விட்டார்கள். அவர்களுடைய கார்களுக்குப் பாதுகாப்பு என்று, என் வீட்டுக்கும் அவள் வீட்டுக்கும் நடுவே சந்துக்குக் குறுக்கே கேட் போட்டுப் பூட்டினார்கள். குழாய் உள்ளே, அவள் வெளியே. சாவி ஓனர்களுக்கு மட்டும்.

அன்று மத்தியானம் அவள் குடத்தோடு கேட்டருகே நின்றாள். என்னைக் கூப்பிடக்கூட இல்லை. அதுதான் என்னைச் சுட்டது.

மறுநாள் காலை கேட்டைத் திறந்து, நடுவில் தையல் மெஷினைப் போட்டு உட்கார்ந்தேன். சங்கத் தலைவர் வந்தார்.

"என்னம்மா, வழியில உக்காந்து தைக்கிய? கார் வருதுல்லா?"

"வரட்டும் அண்ணாச்சி. பூட்ட எடுங்க, மெஷின எடுத்துருதேன்."

"வாடகைக்கு இருக்கவளுக்காவ நமக்குள்ள எதுக்குச் சண்ட?"

"நீங்களும் நானும் நேத்து வரைக்கும் வாடகதான? பத்திரத்த எடுத்துப் படிங்க. வீடுதான் நம்மது. சந்து எல்லாருக்கும் பொது."

மூன்று நாள் உட்கார்ந்தேன். சாரல் அடித்தபோது அவள் குடையோடு வந்து நின்றாள்.

"எனக்காவ ஏன்க்கா இந்தப் பாடு?"

"ஒனக்காவன்னு யாரு சொன்னா? குடத்த எடுத்துட்டு உள்ள போடி."

மூன்றாம் நாள், தலைவர் வீட்டில் தங்க வந்தவர்களின் கார் ஒன்று சாலையிலேயே நின்றுவிட்டுத் திரும்பிப் போனது. சாயங்காலம் அவருடைய மனைவியே வந்து பூட்டைக் கழற்றிக்கொண்டு போனாள்.

அதன்பின் சங்கக் கூட்டத்துக்கு என்னை அழைப்பதில்லை. சந்துக்காரர்கள் தைக்கத் துணி தருவதும் நின்றது. ஆனாலும் பக்கத்து ஊரான ஆய்க்குடியிலிருந்து வருகிற துணியே எனக்குக் கைகொள்ளவில்லை.

வீட்டைத் தன் பெயருக்கு மாற்றக் கேட்டு அவள் மனு போட்டிருக்கிறாள். ஆபீசுக்கு நானும் கூடப் போகிறேன். போன வாரம் ஓர் அதிகாரி, "நீங்க அவங்களுக்கு என்ன உறவு?" என்றார்.

"பக்கத்து வீடு" என்று சொல்லிவிட்டு, நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தேன்.